பூட்டிய கடை வாசலில்

ரேஷன் கடைக் கதவில் ஒட்டியிருந்த கோர்ட் உத்தரவைப் படித்ததும் வரிசை கொதித்துப்போனது.

"லைசென்ஸ் தனக்குக் குடுக்கலைன்னு எவளோ கேஸ் போட்டுட்டாளாம். அது முடியுற வரைக்கும் யாரும் கடையைத் திறக்கக் கூடாதாம். நம்ம வயித்துல அடிச்சுட்டாளே!" என்று கத்தினாள் இஸ்திரிக்காரி.

"அவளுக்கென்ன, கார்ல போறவளா இருப்பா. ரேஷன் அரிசியைக் கண்ணால பார்த்திருப்பாளா?" என்றது பின்னாலிருந்து ஒரு குரல்.

தையல்காரிக்கு முகம் வெளிறிவிட்டது. காலிப் பையை இடுக்கிக்கொண்டு, சுவரோரம் ஒதுங்கி ஒரு வக்கீலுக்குப் போன் போட்டாள்.

"சார், கடையைத் திறக்கச் சொல்லுங்க சார். உங்க கால்ல விழறேன். பிள்ளைங்க பச்சைத் தண்ணியைக் குடிச்சுட்டுப் படுத்திருக்குதுங்க."

"கோர்ட்டுக்கு லீவு விட்டாச்சும்மா. இனி திறந்தப்புறம்தான் எதுவும் பண்ண முடியும்."

கண்ணைத் துடைத்துக்கொண்டு அவள் வரிசைக்குத் திரும்பியபோது, இஸ்திரிக்காரி தோளில் தட்டிக்கொடுத்தாள்.

"நமக்காக வக்கீல்கிட்ட கெஞ்சினியே, நீ நல்லா இருப்பேடி. கேஸ் போட்டாளே ஒருத்தி, அவ வீட்டு அடுப்புதான் எரியவே கூடாது!"

அதுவரை பல்லைக் கடித்துக்கொண்டிருந்த தையல்காரி உடைந்துபோனாள்.

"நேத்துலேருந்தே எரியலைக்கா."