முடியாத ஆராதனை

“எப்பதான் ஐயா ஆமென் சொல்லப் போறீங்க?”

சர்ச்சின் பின்னறையில் காப்பி குடித்துக்கொண்டிருந்த போதகர் ஹெஸ்ஸல் நிமிர்ந்து பார்த்தார். வாசலை அடைத்துக்கொண்டு நின்றார் வீப்ரன். மாட்டுப்பண்ணைக்காரர். இந்தச் சபையின் மூத்த உறுப்பினர், ஊரிலேயே கெட்ட வாய்.

“என்ன அவசரம் வீப்ரன்?”

“இது கோயிலா, சத்திரமா? ஆறு வாரமா ஒரே ஆராதனை! என் மாடுகூட அசைபோடறதை நடுவுல நிறுத்தும்.”

அடுப்பருகே சூப் கிண்டிக்கொண்டிருந்த அக்கே என்ற சபைக்காரி, பக்கத்தில் இருந்தவளின் காதைக் கடித்தாள். “கல்லுலகூட ஈரம் இருக்கும்டி. இந்த மனுஷன்கிட்ட சொட்டு இல்ல.”

ஆராதனை நடக்கும்போது போலீஸ் சர்ச்சுக்குள் வருவதில்லை. அது நாட்டின் வழக்கம். மாடியறையில் அங்கோலாவைச் சேர்ந்த டெல்ஃபினாவும் அவள் மகள் ஜந்திராவும் இருந்தார்கள், நாட்டில் தங்க அனுமதி இல்லாமல். ஆமென் சொல்லி ஆராதனையை முடித்தால் இருவரையும் விமானத்தில் ஏற்றிவிடுவார்கள். அதனால் இரவு பகலாக யாராவது ஜெபித்துக்கொண்டோ பாடிக்கொண்டோ இருந்தார்கள்.

“அந்தப் பொண்ணு காலையிலேர்ந்து ஜன்னல்ல மூக்கை ஒட்டிக்கிட்டே நிக்குது. கண்ணாடி பூரா மூக்குத் தடம். யாரு துடைக்கிறது?” என்றார் வீப்ரன். “அரசாங்கம் ஏதாவது சொல்லுச்சா இல்லையா?”

போதகர் காப்பிக் கோப்பைக்குள் பார்த்தார். “சொல்லுவாங்க.”

“இதையேதான் நேத்தும் சொன்னீங்க!” கதவை அறைந்துவிட்டுப் போனார் வீப்ரன்.

வெளியே டிவிக்காரப் பெண் மூக்குச் சிவக்க மைக்கோடு நின்றாள். “நேயர்களே, எனக்குப் பின்னால தெரியுதே, இந்தச் சின்னஞ்சிறு ஆலயம்தான் இன்னைக்கு நாட்டோட மனசாட்சி! ஏம்ப்பா, மனசாட்சி ஃபிரேம்ல வருதா?”

ஆறு வாரத்துக்கு முன்பு அந்த மனசாட்சியில் ஏழு கிழங்கள்தான் உட்கார்ந்திருந்தன. பாட்டு எது, இருமல் எது என்று பிரிக்க முடியாது. இப்போது ஊர் ஊராகப் பஸ் வருகிறது. பாடகர் குழு வருகிறது. உட்கார இடமில்லாமல் பட்டணத்து இளசுகள் தரையில் சம்மணம் போடுகிறார்கள்.

சனிக்கிழமை காலையில் ஜந்திரா மாடியிலிருந்து இறங்கி வந்தாள். பன்னிரண்டு வயது. இந்த ஊரிலேயே பிறந்தவள்.

“பாஸ்டர், ஒரு பத்து நிமிஷம் வெளியே போயிட்டு வரட்டுமா?”

“எங்கேம்மா?”

“வாய்க்காலுக்கு. நல்லா உறைஞ்சிருக்கு. எங்க கிளாஸே சறுக்குது. நான் மூணு வயசா இருந்தப்பதான் கடைசியா உறைஞ்சதாம், எனக்கு ஞாபகமே இல்ல. கூடப் படிக்கிற யெல்மர் அவன் அக்காவோட சறுக்கு ஷூவைத் தர்றேன்னான். இன்னைக்கு விட்டா உருகிடும்னு சொல்றான்.”

“வெளியே போலீஸ் நிக்குதேம்மா.”

“அவரு குளிருக்குக் கார்ல தூங்குறாரு. குறட்டை இங்க வரைக்கும் கேக்குது பாஸ்டர்!”

போதகர் சிரிக்கவில்லை. “ஒரே ஒரு நாள் பொறுத்துக்கோ, கண்ணு.”

அவள் தலையாட்டிவிட்டு மாடியேறினாள். ஜன்னலில் மறுபடியும் மூக்கு ஒட்டிக்கொண்டது.

சாயங்காலம் மழை பிடித்தது. இரவு முழுக்க நிற்கவில்லை.

ஞாயிற்றுக்கிழமை சர்ச்சில் கால் வைக்க இடமில்லை. போதகர் ஹெஸ்ஸல் அப்படி ஒரு பிரசங்கம் செய்து யாரும் கேட்டதில்லை.

“சபைங்கிறது கல்லும் கண்ணாடியும் இல்ல. கதவைத் தட்டுறவங்களுக்காகத்தான் சபை. தனக்காகவே வாழுற சபை எப்பவோ செத்துப்போச்சு!”

தரையில் இருந்த இளசுகள்கூட மூக்கை உறிஞ்சினார்கள்.

போதகர் கைகளை உயர்த்தினார். “இவங்க ரெண்டு பேரும் இந்த நாட்டுலயே இருக்கலாம்னு அரசாங்கம் அனுமதி கொடுத்துடுச்சு. ஆமென்!”

ஆரவாரத்தில் கூரை பிய்த்துக்கொண்டது. மணி அடித்தது. டெல்ஃபினா முகத்தைப் பொத்திக்கொண்டு அழுதாள். முன்பின் தெரியாதவர்கள் கட்டிப்பிடித்துக்கொண்டார்கள்.

ஜந்திரா மட்டும் கூட்டத்தில் புகுந்து வெளியே ஓடினாள். அவள் பின்னால் மூச்சிரைக்க ஓடியது வீப்ரன்.

வாய்க்காலில் தண்ணீர் ஓடிக்கொண்டிருந்தது. கரையோரம் அழுக்காகக் கொஞ்சம் ஐஸ். அதில் ஒரு வாத்து ஏறி நின்றது.

“போயிடுச்சு தாத்தா.”

“அதான் அந்த ஆளுகிட்ட நச்சு நச்சுன்னு கேட்டேன், எப்ப முடிப்பீங்கன்னு…” கிழவர் கரையோர ஐஸைக் காலால் உதைத்தார்.

“பரவால்ல. அடுத்த வருஷமும் உறையும்ல?”

“உறையும், உறையும்” என்று பொய் சொன்னார் வீப்ரன்.

உள்ளே பெஞ்சுகள் காலியாகிக்கொண்டிருந்தன. “அப்ப வர்றோம் பாஸ்டர்!” “பஸ்ஸுக்கு நேரமாச்சு!” “அருமையான அனுபவம் பாஸ்டர்!” கோட்டு மாட்டிக்கொண்டே கும்பல் கும்பலாகப் போனார்கள்.

தாய்க்கும் மகளுக்கும் வாதாடிய வக்கீல் மிர்த்தே போதகரை ஓரமாக அழைத்துப்போனாள்.

“பாஸ்டர், அனுமதி கிடைச்சதை வியாழக்கிழமையே உங்களுக்குப் போன்ல சொன்னேனே! ‘நீங்க யாருக்கும் சொல்லாதீங்க, அவங்ககிட்ட நானே சொல்றேன்’னீங்க. அன்னைக்கே சொல்லியிருப்பீங்கன்னு நினைச்சேன். ஏன் இத்தனை நாள் அவங்களை உள்ளேயே வச்சிருந்தீங்க?”

போதகர் கடைசி ஆள் வெளியே போவதையே பார்த்துக்கொண்டிருந்தார்.

“முப்பது வருஷமா வெறும் பெஞ்சுங்களுக்குத்தான் பிரசங்கம் பண்ணியிருக்கேன்மா. ஒரே ஒரு ஞாயித்துக்கிழமை, நிறைஞ்சு பார்த்துட்டு விட்டுடலாம்னு…”