காது திரும்பிய பக்கம்

மூளையில் ரத்தக்குழாய் வெடித்துத் தாண்டவராயன் நினைவிழந்து பத்தொன்பது நாட்களாகிவிட்டன. அவருடைய மனைவி கோமளவல்லி கட்டிலருகே உட்கார்ந்து, முருங்கை பூத்ததிலிருந்து பக்கத்து வீட்டுச் சண்டைவரை அவரிடம் சொல்லிக்கொண்டே இருப்பாள். அன்று மதியம் களைத்துப் பேச்சை நிறுத்தினாள். அப்போது அவருடைய வலது காது மெல்ல அசைந்தது.

"சிஸ்டர், இவருக்குக் கேக்குது!"

நர்ஸ் பெனிட்டா வந்து பார்த்தாள். "மாடு, பூனையெல்லாம் சத்தம் வர்ற பக்கம் காதைத் திருப்பும்ல? அந்தத் தசை நமக்கும் கொஞ்சம் மிச்சம் இருக்கும்மா. சும்மா துடிக்குது" என்று சொல்லிவிட்டுப் போனாள்.

கோமளவல்லி அவரைக் கூப்பிட்டுப் பார்த்தாள். காது அசையவில்லை. அவள் பேசிக்கொண்டிருந்தவரை அது அடங்கிக் கிடந்தது. நிறுத்தியதும் பின்பக்கமாக, தலைமாட்டுச் சுவரை நோக்கி இழுத்துக்கொண்டது. அங்கே யாருமில்லை. அவளும் மூச்சைப் பிடித்துக் கேட்டாள். ஒன்றும் கேட்கவில்லை. காது இன்னும் பலமாக இழுத்தது.

"என்னங்க, யார் கூப்பிட்டாலும் போகாதீங்க" என்று தொடங்கியவள், அதன்பின் நிறுத்தவேயில்லை. தண்ணீர்கூடக் குடிக்கவில்லை. பெண் பார்க்க வந்த நாளைச் சொன்னாள், மளிகைச் சாமான்களைச் சொன்னாள், சொன்னதையே திரும்பச் சொன்னாள். பொழுது சாயும் நேரத்தில் குரல் கட்டிவிட்டது.

"பார்வையாளர் நேரம் முடிஞ்சுதும்மா" என்று பெனிட்டா வந்தாள். கோமளவல்லி அவள் கையைப் பிடித்து நாற்காலியில் உட்காரவைத்தாள். "ஏதாவது பேசுங்க சிஸ்டர். நிறுத்திடாதீங்க" என்றாள் காற்றாக.

பெனிட்டா அந்தக் காதையே பார்த்தாள். பிறகு, "ஐயா, எங்க ஊர்ல நேத்து நல்ல மழைங்க" என்று ஆரம்பித்தாள்.