ஆள்காட்டியின் ஆட்டம்

எந்த முதலாளிக்கும் கைகட்டி நிற்காமல், காடுமேடெல்லாம் சுற்றித் தன் இஷ்டத்துக்குப் படமெடுக்கும் கேமரா ஒன்று இருந்தது. அதற்கு ஓரிடத்தில் இருப்புக்கொள்ளாது. அதைத் தலையில் தாங்கிக்கொண்டு மூன்று காலால் நடப்பது ட்ரைபாடின் வேலை.

ஒரு நாள் ஏரிக்கரைப் பொட்டலில் இரண்டும் போய் நின்றதுமே, ஆள்காட்டிக் குருவி ஒன்று அலறிக்கொண்டு எதிரே வந்து விழுந்தது. ஒரு சிறகைத் தரையில் இழுத்தபடி நொண்டி நொண்டி ஓடியது.

"ஆகா, என்ன ஆட்டம்! இதுக்காகத்தான்டா இத்தனை வருஷம் அலைஞ்சேன்" என்று துள்ளியது கேமரா. "இன்னும் கொஞ்சம் முன்னால போ."

"அண்ணே, அது நம்மளப் போகச் சொல்லுது போல இருக்கு. கீழே ஒரு தடவை பாத்துட்டு..." என்று இழுத்தது ட்ரைபாட்.

"கீழே கூழாங்கல்லுதான் கிடக்கு. போடா, வெளிச்சம் போகுது!"

குருவி இன்னும் உரக்கக் கத்தியது. ட்ரைபாட் ஓர் அடி எடுத்து வைத்தது. காலுக்கடியில் கூழாங்கற்கள் நொறுங்கி மஞ்சள் கரு கசிந்தது.

குருவி சட்டென்று அடங்கிவிட்டது. சிறகை மடக்கிக்கொண்டு, நொண்டாமல் நடந்து வந்து அந்தக் காலருகே நின்றது.

"ஏம்மா நிறுத்திட்டே? இன்னும் ஒரே ஒரு தடவை ஆடு" என்று கெஞ்சியது கேமரா.

"இனி யாருக்காக ஆட?" என்றது குருவி.

ட்ரைபாட் அந்தக் காலைத் தூக்கவே இல்லை.