சோறு ஆறிட்டு

செல்வகனியின் அண்ணன் வீட்டு விசேஷத்துக்கு அவள் கணவன் தனசிங் வரவில்லை என்று மூண்ட சண்டை. அதிலிருந்து இருவரும் நேரில் பேசிக்கொள்வதில்லை. சுவரில் இருக்கும் பேசும் பெட்டிதான் இருவருக்கும் நடுவே தூது போனது. நேற்று கம்பெனிக்காரர்கள் அதைப் புதுப்பித்தார்கள். இனி அது பொய்த் தகவல் எதையும் கொண்டுபோகாதாம்.

மத்தியானம் செல்வகனி அடுப்படியிலிருந்து பெட்டியிடம் சொன்னாள்: "சோறு ஆறிட்டுன்னு அவுககிட்ட சொல்லு."

"சோறு இப்போதுதான் வெந்தது. இன்னும் ஆறவில்லை. இந்தத் தகவலைச் சொல்ல இயலாது."

"நான் ஆறிட்டுன்னா ஆறிட்டுதான். ஒனக்கு என்ன தெரியும்? போய்ச் சொல்லு!"

"மன்னிக்கவும்."

கரண்டியை மேடைமேல் எறிந்தாள். அவனைச் சாப்பிடக் கூப்பிட இதற்குமேல் இறங்கிவர அவளுக்குத் தெரியவில்லை. முந்தானையால் கண்ணைத் துடைத்துக்கொண்டு ஜன்னல் பக்கம் திரும்பி நின்றாள்.

கூடத்தில் இருந்த தனசிங்குக்கு எல்லாம் கேட்டது. எழுந்து வந்து சோற்றுப் பானையின் மூடியைத் திறந்தான். ஆவி முகத்தில் அடித்தது. ஒரு பருக்கையை எடுத்தவன், சுட்ட விரலை முதுகுக்குப் பின்னால் மறைத்துக்கொண்டான்.

"ஆமா கனி, ஆறித்தான் போச்சு. போடு, சாப்பிடலாம்."