புளியமரத்தடியில் கடைசி ஷாட்

"சொல்லு! பொணத்தை எங்க பொதைச்சே?"

துப்பாக்கி முனை நெற்றியில் பட்டதும் அசோக்குமாருக்கு உதடு கோணிக்கொண்டது. நீளக் கோட்டும் தொப்பியுமாகப் பனிக்குள் நின்ற துப்பறிவாளர் கண்ணைக்கூட இமைக்கவில்லை.

"கட்! யோவ், தெரியாதுன்னு சொல்லுய்யா! அது ஒண்ணுதானே உன் வசனம்?" என்று கத்தினார் டைரக்டர் விஜயராஜ்.

துப்பாக்கி மரக்கட்டை, மேலே ஷூ பாலிஷ். கோட்டு, ஜீப் டிரைவருடைய மழைக்கோட்டு. புகை போடும் மெஷினுக்கு வழியில்லாமல், பனி சும்மா கிடைக்குமே என்றுதான் புதூர்நாட்டு மலைக்கு ஏறி வந்திருந்தார்கள். இதுதான் கடைசி ஷாட். பனி கலைந்துவிட்டால் படத்துக்கு முடிவே கிடையாது.

அசோக்குமார் நடிகர் இல்லை, பாவம். செங்கத்திலிருந்து வந்து, கூட்டாளி ஒருவரோடு இந்தப் புளியமரத்தைக் குத்தகைக்கு எடுத்தவர். புளி உலுக்கிக் கீழே அனுப்பி மாதக்கணக்காகிறது. ஆனாலும் காலையில் ஜீப்பைப் பார்த்ததும் ஓடிவந்து மறித்தார்.

"இந்த மரத்தாண்ட வேணாம் சார். முசுறு எறும்பு கடிக்கும். அப்பால போய் எடுங்க."

கொலைகாரனாக நடிக்க வந்தவர் கொண்டை ஊசி வளைவிலேயே வாந்தி எடுத்துப் படுத்துவிட்டார். விஜயராஜ் ஒரே கல்லில் இரண்டு வேலையையும் முடித்தார்.

"கோச்சுக்காதீங்க தலைவரே. நீங்களே கொலைகாரனா நடிங்க. டீ, பன்னு உண்டு!"

இது ஆறாவது டேக்.

துப்பறிவாளராக நடித்த ஜீவானந்தம் மறுபடி ஆரம்பித்தார். "ரெண்டு பேரா மலை ஏறினீங்க. நீ மட்டும்தான் எறங்கினே. உன் கூட்டாளி எங்கடா?"

அசோக்குமாரின் வேட்டி நனைந்தது.

"இன்னா நடிப்புடா!" என்று விஜயராஜ் கிசுகிசுத்தார்.

ஜீவானந்தம் மட்டும் அவரை உற்றுப் பார்த்தார். அந்த மனிதர் துப்பாக்கியைப் பார்க்கவில்லை. இவர் முகத்தையும் பார்க்கவில்லை. குனிந்த தலை நிமிரவே இல்லை.

"சார், இவரு நடிக்கல சார். எனக்கு பயமா கீது."

"பயப்பட வேண்டியவன் அவன்யா! பனி போவுது, கேளு!"

ஜீவானந்தம் மரத்துப்பாக்கியை மறுபடி நீட்டினார்.

"பொணத்தை... எங்க பொதைச்சே?"

அசோக்குமார் இரண்டு கையையும் கூப்பினார்.

"நீங்க நிக்கிற எடத்துலதாங்க."