பாப்பாவுக்கு ஒரு பெயர்

"இந்தப் பேரும் தேறலையா?"

அவள் குரலில் சூடு ஏறியிருந்தது. மேசை முழுக்க அகராதிகளும் அட்டைகளும் குவிந்து கிடந்தன. கணவன் அகராதி அலுவலகத்தில் சொற்பொருள் சரிபார்ப்பவன். ஒரு சொல் எங்கே பிறந்தது, அதற்கு என்ன பொருள் என்று மூன்று பழைய நூல்கள் சாட்சி சொன்னால்தான் அவன் தலையாட்டுவான். அலுவலகத்தில் அது சரி. வீட்டிலுமா?

"இணையத்துல இந்தப் பேருக்கு 'விடியல்'னு அர்த்தம் போட்டிருக்கான். அவன் ஒரு பேர் புத்தகத்தைப் பார்த்துப் போட்டான். அந்தப் புத்தகக்காரன் யாரைப் பார்த்துப் போட்டான்? சுத்தப் புளுகு. அவன் சொல்ற மொழியில இப்படி ஒரு சொல்லே கிடையாது" என்றபடி அட்டையில் சிவப்புக் கோடு இழுத்தான்.

"உங்க தம்பி, குழந்தை பொறந்த மூணாம் நாளே பேர் வச்சுட்டாரு."

"வச்சான். 'இளவரசி'ன்னு அர்த்தமாம். தேடிப் பார்த்தேன். மாட்டுக்கொட்டகை."

அவளுக்குப் பற்றிக்கொண்டு வந்தது.

"அர்த்தம் பார்த்துத்தான் ஊரு கூப்பிடுதா? இன்னைக்கு நாலு மணிக்குள்ள பேரை எழுதிக் குடுக்கணும். அப்புறம் தலைகீழா நின்னாலும் மாத்த முடியாது. எனக்கு வர்ற ஆத்திரத்துக்கு இதையெல்லாம் அள்ளி அடுப்புல போட்டுடுவேன்."

"மெதுவாப் பேசு. பாப்பா தூங்குறா."

"பாப்பா, பாப்பா. இன்னும் எத்தனை நாளைக்குங்க? பார்க்கிறவங்க எல்லாம் சிரிக்கிறாங்க. எனக்கு மானம் போகுது."

"தப்பான பேரை வச்சுட்டா ஆயுசு பூரா சுமக்கப் போறது அவதானே?" அவனும் எகிறினான். "இன்னும் ஒரு வாரம் குடு. உருப்படியா ஒண்ணு கண்டுபிடிக்கிறேன்."

அவ்வளவுதான். அவள் ஒரே வீச்சில் அட்டைகளைத் தரையில் தள்ளினாள். அவன் பதறிக் குனிந்து ஒவ்வொன்றாகப் பொறுக்கத் தொடங்கினான். அதைப் பார்க்கப் பார்க்க அவளுக்குக் கோபம் இன்னும் கூடியது.

படுக்கையறைக் கதவு படாரென்று திறந்தது.

"ரெண்டு பேரும் நிறுத்துறீங்களா?" அப்பாவைவிட ஒரு சாண் உயரமாக வளர்ந்திருந்த பாப்பா, பள்ளி இறுதித் தேர்வு விண்ணப்பத்தை மேசைமேல் வீசினாள். "'பாப்பா'ன்னே எழுதிட்டேன். யாராவது அர்த்தம் கேட்டா, எங்கப்பா பதினேழு வருஷமாத் தேடிக்கிட்டிருக்காருன்னு சொல்லிக்கிறேன்."