அப்பா ஜெயிக்கவைத்த தொகுதி

ஓட்டுப்பதிவு முடியப்போகிறது. இளங்கோவன் கட்டிலை விட்டு எழுந்திருக்கவில்லை.

போன வாரம் பாகூரில் இவர் தெருவுக்கு வந்த கட்சி வேட்பாளர், இவருடைய மச்சானுக்குச் சால்வை போர்த்தினார். இவருக்கு வெறும் கும்பிடு.

கட்சிக்காகக் கரும்புக் காட்டையே மறந்து அலைந்தவருக்கு வெறும் கும்பிடு.

மனைவி ஜெயமணி கெஞ்சிப் பார்த்தாள். கட்சிக்காரர்கள் இரண்டு தரம் வந்து கூப்பிட்டார்கள். இவர் சுவர்ப்பக்கம் திரும்பிப் படுத்துக்கொண்டார்.

பக்கத்தில் செல்வகுமாரி அக்கா வேர்க்கடலை உரித்துக்கொண்டிருந்தாள். தென்னாப்பிரிக்காவின் டர்பன் நகரத்துக்காரி. என்றோ கப்பலேறிய கொள்ளுத்தாத்தாவின் ஊரைத் தேடி வந்து, இளங்கோவனைத் தம்பி முறையாகக் கண்டுபிடித்து, இங்கேயே தங்கிவிட்டாள்.

"எங்க தொகுதியிலயும் அப்பல்லாம் எலெக்‌ஷன் வந்தா ஒரே ரகளதான் தம்பி," என்றாள்.

அவளுடைய அப்பா அங்கே வேட்பாளரின் கார் டிரைவராம். தேர்தல் என்றால் வீடு தங்க மாட்டாராம். விளக்குக் கம்பத்தில் ஏறிக் கொடி கட்டுவார். நடக்க முடியாத கிழவிகளைக் கைத்தாங்கலாகக் காரில் ஏற்றி பூத்தில் இறக்குவார். ஒருமுறை எதிர்க்கட்சிக்காரன் பசை வாளியை அவர் தலையிலேயே கவிழ்த்துவிட்டான். அந்தத் தடவை ஜெயித்ததே இவரால்தான் என்று வேட்பாளர் மேடையில் சொன்னாராம்.

இளங்கோவன் எழுந்து உட்கார்ந்தார். ஒரு பிடி கடலையை அள்ளிக்கொண்டார். இப்படியும் ஒரு மனிதர் தன் வம்சத்தில் இருந்திருக்கிறார்.

"அந்தத் தொகுதி இன்னும் நம்ம கையிலதான் இருக்குதா?"

"தொகுதியே இல்ல தம்பி. ஆட்சி மாறுனப்ப தொகுதி முறையையே எடுத்துட்டாங்க."

"அடப்பாவமே. அப்பா போட்ட ஓட்டெல்லாம் அந்த ஒரே ஆளுக்குத்தான் வுழுந்திருக்கும், இல்ல?"

அக்கா முறத்திலிருந்த தோலை ஊதினாள்.

"அவரு எங்க ஓட்டு போட்டாரு? அந்தத் தொகுதி இருந்த வரைக்கும் வெள்ளக்காரங்களுக்கு மட்டும்தான் ஓட்டு. நமக்கு ஓட்டு வந்தப்ப தொகுதி போயிடுச்சு."

இளங்கோவன் கையிலிருந்த கடலையை முறத்தில் போட்டுவிட்டு எழுந்தார்.

சட்டையைத் திருப்பி மாட்டியதுகூடத் தெரியாமல் தெருவுக்கு ஓடினார். பூத்துக்குப் போகக் கண்ணில் பட்ட முதல் ஆட்டோவை மறித்தார்.

அது எதிர்க்கட்சிக்காரனின் ஆட்டோ. ஏறிக்கொண்டார்.